லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.1.1 இல்லை என்று வந்தால் சைம்லிங்க் போட்டுச் சமாளிக்கலாமா?

பாளையங்கோட்டையில் ஒரு மளிகைக் கடைக் கணினியில் உபுண்டு என்ற லினக்ஸ் இயங்குதளத்தின் 20.04 பதிப்பை எடுத்துவிட்டு 22.04-ஐப் புதிதாகப் போட்டதும், அண்ணாச்சியின் பழைய பில்லிங் மென்பொருள் லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.1.1 என்ற லைப்ரரி (பல நிரல்கள் பகிர்ந்து பயன்படுத்தும் கோப்பு; இது ஓபன்எஸ்எஸ்எல் என்ற பாதுகாப்பு மென்பொருளுடையது) கிடைக்கவில்லை என்று சொல்லி நின்றுவிடுகிறது. இருக்கிற லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.3-க்கே அந்தப் பெயரில் சைம்லிங்க் (வேறொரு கோப்பைச் சுட்டும் பெயர்) போடலாமா, லிப் ஃபோல்டரில் குவிந்து கிடக்கும் எஸ்ஓ கோப்புகளை எப்படி வகை பிரிப்பது என்று கேட்டிருக்கிறீர்கள்.

சைம்லிங்க் வேண்டாம். போட்டாலும் திறக்காது, பிழைச் செய்திதான் மாறும். 'ஓபன்எஸ்எஸ்எல்_1_1_0 என்ற பதிப்பு இல்லை' என்று வரும். இந்த லைப்ரரியின் ஒவ்வொரு ஃபங்ஷனுக்கும் உள்ளே பதிப்பு முத்திரை இருக்கிறது. நிரலைத் தொடங்கும்போது லைப்ரரிகளை ஏற்றும் லோடர் அதையும் சரிபார்ப்பதால் தொடக்கத்திலேயே பிடிபட்டுவிடுகிறது. முத்திரை இல்லாத லைப்ரரிகளில்தான் ஆபத்து அதிகம். மென்பொருள் திறந்துவிடும்; பாதி பில்லில் செக்மென்டேஷன் ஃபால்ட் வந்து விழும், அல்லது தப்பான மதிப்பை வாங்கிக்கொண்டு ஓடிக்கொண்டே இருக்கும்.

பெயரில் உள்ள எண் புரிந்தால் வகை பிரிப்பதில் பாதி முடிந்தது. தரவைச் சுருக்கும் இசட்லிப் லைப்ரரியை எடுத்துக்கொள்ளுங்கள். லிப்இசட்.எஸ்ஓ.1.2.11 என்பதுதான் உண்மையான கோப்பு. லிப்இசட்.எஸ்ஓ.1 அதைச் சுட்டும் சைம்லிங்க். மென்பொருள் ஓடும்போது கேட்பது இந்தப் பெயரைத்தான், இதற்கு எஸ்ஓநேம் என்று பெயர். எண்ணே இல்லாத லிப்இசட்.எஸ்ஓ, கம்பைல் செய்பவருக்கு (மூல நிரலிலிருந்து மென்பொருளைக் கட்டுபவருக்கு) மட்டும் வேண்டியது. டெவ் பேக்கேஜ் போட்டால்தான் வரும். வேய்ந்தான்குளம் பஸ் ஸ்டாண்டில் பாபநாசம் போர்டைப் பார்த்து ஏறுகிறவர் வண்டியின் பதிவெண்ணைப் பார்ப்பதில்லை; எஸ்ஓநேம் அந்த போர்டு மாதிரி. 1.2.11 போய் 1.2.13 வந்தாலும் போர்டு 1 என்றே இருக்கும், பழைய மென்பொருள் ஓடும். பழைய மென்பொருளோடு ஒத்துப்போகாத மாற்றம் வந்தால் போர்டையே மாற்றுவார்கள். லிப்எஸ்எஸ்எல்-இல் 1.1 என்பது 3 ஆனதற்குக் காரணம் அதுதான்.

கோப்பின் பெயரை மட்டும் நம்பாமல் டெர்மினலில் 'ரீட்எல்ஃப் -டி' என்ற கட்டளையை அந்தக் கோப்பின் பெயரோடு கொடுத்துப் பாருங்கள். எஸ்ஓநேம் என்ற வரி அதன் சொந்தப் பெயரையும், நீடட் என்ற வரிகள் அது கேட்கும் மற்ற லைப்ரரிகளையும் காட்டும். ஒரு நிரலுக்கு வேண்டிய லைப்ரரிகளைப் பட்டியலிடும் எல்டிடி கட்டளை இன்னும் எளிதுதான். ஆனால் சில சமயம் அது அந்த நிரலையே ஓட்டிப் பார்க்கும், எனவே எங்கிருந்து வந்தது என்று தெரியாத நிரலுக்கு வேண்டாம்.

அடுத்து, கோப்பை எந்தப் பேக்கேஜ் வைத்தது என்று பார்க்க வேண்டும். 'டிபிகேஜி -எஸ் லிப்இசட்.எஸ்ஓ.1' (பெரிய எஸ்) என்று கோப்பின் பெயரை மட்டும் கொடுங்கள். முழுப் பாதை கொடுத்தால் 22.04-இல் பல சமயம் கிடைக்கவில்லை என்றே வரும். லிப் ஃபோல்டர் யூஎஸ்ஆர் ஃபோல்டருக்குள் இணைக்கப்பட்டுவிட்டது, பேக்கேஜ் பதிவிலோ பழைய பாதையே இருக்கிறது. எந்தப் பேக்கேஜும் உரிமை கொண்டாடாத கோப்பு பெரும்பாலும் கையால் வைத்தது. /யூஎஸ்ஆர்/லோக்கல்/லிப்-ஐக் கட்டாயம் பாருங்கள். உபுண்டுவில் அந்த ஃபோல்டருக்கு முன்னுரிமை உண்டு. யாரோ எப்போதோ கம்பைல் செய்து விட்டுப்போன பழைய கோப்பு, சிஸ்டத்தின் நல்ல கோப்பை மறைத்துக்கொண்டிருக்கும்.

துணை ஃபோல்டர்களில் எண் இல்லாமல் கிடப்பவை பெரும்பாலும் ப்ளகின்கள். செக்யூரிட்டி ஃபோல்டரில் உள்ள, லாகினைச் சரிபார்க்கும் பாம்_யூனிக்ஸ்.எஸ்ஓ அப்படிப்பட்டது. நிரல் ஓடும்போது தேவைக்கேற்ப ஏற்றப்படுவதால் எல்டிடி-யில் தெரியாது. 'எல்டிடி-யில் இல்லையே' என்று அழித்துவிடாதீர்கள், லாகினே போய்விடும். லிப்சி.எஸ்ஓ இன்னொரு விதம். அது பைனரியே அல்ல, கம்பைல் செய்யும்போது லைப்ரரிகளை இணைக்கும் லிங்கருக்கான சில வரி டெக்ஸ்ட். அதை லைப்ரரியாக ஏற்றினால் 'இன்வேலிட் எல்ஃப் ஹெடர்' என்று வரும். 'ராங் எல்ஃப் கிளாஸ்' என்றால் 32 பிட், 64 பிட் குழப்பம்; 'ஃபைல்' கட்டளை சொல்லிவிடும்.

இனி உங்கள் கடைக்கு வருவோம். முறையான வழி, மென்பொருள் தந்தவரிடம் 22.04-க்கான பதிப்பு வாங்குவது. அதுவரைக்கும் ஓட்டியாக வேண்டும் என்றால், 20.04-இன் லிப்எஸ்எஸ்எல்1.1 டெப் கோப்பை (இன்ஸ்டால் பேக்கேஜை) இறக்கி, இன்ஸ்டால் செய்யாமல் 'டிபிகேஜி-டெப் -எக்ஸ்' மூலம் பிரித்தெடுங்கள். அதிலுள்ள லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.1.1, லிப்கிரிப்டோ.எஸ்ஓ.1.1 இரண்டையும் பில்லிங் மென்பொருளின் சொந்த ஃபோல்டரில் வையுங்கள். ஒன்று மட்டும் போதாது, முதலாவது இரண்டாவதைக் கேட்கும். மென்பொருளைத் தொடங்கும் ஸ்கிரிப்ட்டில் மட்டும், லைப்ரரியை முதலில் எங்கே தேடுவது என்று சொல்லும் எல்டி_லைப்ரரி_பாத்-ஐ அந்த ஃபோல்டருக்குக் காட்டுங்கள். டெர்மினல் திறக்கும்போதெல்லாம் ஓடும் பாஷ்ஆர்சி-யில் போட்டால் அந்த டெர்மினலில் திறக்கும் எல்லா நிரலும் பழைய லைப்ரரியை முதலில் தேடிப் போகும். பழைய கிளிப்சியில் (லினக்ஸின் அடிப்படை சி லைப்ரரியில்) கட்டியது புதியதில் ஓடும் என்பதால் இது வேலை செய்கிறது; 22.04-இல் கட்டியதை 20.04-க்குக் கொண்டுபோனால் 'கிளிப்சி_2.34 இல்லை' என்று நிற்க வாய்ப்பு அதிகம்.

ஒன்றை மறக்க வேண்டாம். ஓபன்எஸ்எஸ்எல் 1.1.1-க்கான பொது ஆதரவு 2023 செப்டம்பரில் முடிந்துவிட்டது. அந்த மென்பொருள் இணையம் வழியாகப் பணப் பரிமாற்றம் செய்கிறது என்றால் இந்த ஏற்பாட்டை நீட்டிக்காதீர்கள். ஏற்கெனவே சைம்லிங்க் போட்டுவிட்டீர்கள் என்றால் முதலில் அதை அழித்துவிட்டு, லைப்ரரிப் பட்டியலைப் புதுப்பிக்கும் 'சூடூ எல்டிகான்ஃபிக்' கட்டளையை ஒருமுறை ஓட்டிய பிறகு இந்த வேலையைத் தொடங்குங்கள்.