தோட்டம்: வாசகர் கேள்வி பதில்

கேள்வி: மண் அரிப்பைத் தடுக்கும் என்று நர்சரியில் வாங்கி, வீட்டுக்குப் பின்புறச் சரிவில் நட்ட மஞ்சள் பூக்கொடி ஒன்று, காப்பிச் செடிகளின் அடி முழுவதும் படர்ந்துவிட்டது. மஞ்சள் கரிசலாங்கண்ணி என்று சொல்லி அக்கம்பக்கத்தார் பறித்துச் செல்கிறார்கள். அறுக்க அறுக்க அடர்த்தியாகத் தழைக்கிறது. களைக்கொல்லி தெளிக்கலாமா?
– வாசகி, ஏற்காடு

பதில்: முதலில் இலையைப் பாருங்கள். மஞ்சள் கரிசலாங்கண்ணியின் இலை ஒடுங்கி நீண்டு, ஓரத்தில் பற்கள் மிகக் குறைவாக இருக்கும். உங்கள் கொடியின் இலை பளபளப்பாக, மூன்று மடலாகப் பிரிந்து, ஓரம் பல்பல்லாக இருந்தால், அது நர்சரிகளில் வெடேலியா என்ற பெயரில் விற்கப்படும் மத்திய அமெரிக்கச் செடி. பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியத்தின் உலகின் மிக மோசமான 100 ஊடுருவல் உயிரினங்கள் பட்டியலில் இதுவும் ஒன்று. பூ ஒன்றுபோல் இருப்பதால் ஏமாறுவது எளிது. ஆகவே, கீரைக்கோ மருந்துக்கோ பறிப்பவர்களை உடனே தடுத்துவிடுங்கள்.

இச்செடி பெரும்பாலும் விதையால் பரவுவதில்லை. தரையைத் தொடும் ஒவ்வொரு கணுவிலும் வேர் விடுவதால், அரிவாள் வெட்டிப் போடும் ஒவ்வொரு துண்டும் ஒரு புதுச் செடியாகிறது. அறுப்பதை நிறுத்தினாலே பாதி வேலை முடிந்தது என்பேன். கோடை மழை பெய்து மண் நெகிழ்ந்திருக்கும்போது, கணுவின் வேரோடு கையால் பிடுங்குங்கள். காப்பியின் உறிஞ்சு வேர்கள் மேல்மண்ணிலேயே இருப்பதால் மண்வெட்டியை ஆழமாக இறக்க வேண்டாம். பிடுங்கியதை எருக்குழியிலோ ஓடையிலோ போடாமல், தார்ப்பாய் விரித்து, கையில் நொறுங்கும்வரை வெயிலில் காயவிடுங்கள். ஓடையில் எறிந்தால் கீழேயுள்ள தோட்டங்களுக்கும் உங்கள் கையாலேயே நாற்று அனுப்பியதாகிவிடும்.

கிளைபோசேட் போன்ற களைக்கொல்லியை நான் பரிந்துரைக்க மாட்டேன். சாரல் காப்பி இலையில் பட்டால் காப்பியும் கருகும். சரிவில் மழைநீரோடு மருந்து எங்கே இறங்கும் என்பதும் நம் கையில் இல்லை.

சரிவு முழுவதையும் ஒரே மூச்சில் வெறுமையாக்கிவிடாதீர்கள். சேர்வராயன் மலையின் பருவமழை வெறும் மண்ணை விட்டுவைக்காது. சரிவுக்குக் குறுக்காக ஒரு பட்டை எடுத்து, அதில் காப்பி, சில்வர் ஓக் சருகைத் தடிமனாகப் பரப்பி, நிழலும் ஈரமும் உள்ள இடத்தில் வல்லாரையையும், வெயில் விழும் இடத்தில் பொடுதலையையும் நட்டுவிட்டு, அவை வேர் பிடித்த பின்னரே அடுத்த பட்டைக்குச் செல்லுங்கள். மண்ணில் தங்கிய கணுக்கள் துளிர்க்கத்தான் செய்யும். இரண்டு இலை விடும்போதே பிடுங்கினால், மழைக்காலம் முழுவதும் பதினைந்து நாளுக்கு ஒருமுறை நடந்து பார்ப்பதே போதுமானது.