ஈர்ப்பு இல்லாத பத்து மீட்டர்: கேள்வி பதில்

கேள்வி (சிறுகதை எழுதுபவர்): ஐயா, என் கதையில் காட்டுக்குள் பத்து மீட்டர் உயரத்துக்கு ஓரிடம் வருகிறது. அதற்குள் ஈர்ப்பு விசை கிடையாது. வேறு எதுவும் மாறவில்லை. இப்படி எழுதலாமா?

பதில்: தாராளமாக எழுதலாம். ஆனால் "வேறு எதுவும் மாறவில்லை" என்பதைத்தான் இயற்பியல் ஒப்புக்கொள்ளாது. ஒரு கிலோ எடையுள்ள கல்லை அதற்குள் லேசாக மேல்நோக்கித் தட்டிவிட்டால் பத்து மீட்டர் உயரத்துக்குப் போய்விடும். அங்கிருந்து பக்கவாட்டில் வெளியே தள்ளினால் கீழே விழும். அதில் ஏறத்தாழ 98 ஜூல் ஆற்றல் கிடைக்கும். அதே கல்லை மறுபடி உள்ளே விட்டு, நாள் முழுவதும் இப்படியே ஆற்றல் எடுக்கலாம். காற்றும் அப்படித்தான்: வெளியே அடியில் அழுத்தம் கூடுதலாகவும் உச்சியில் குறைவாகவும் இருக்க, உள்ளே எடையற்ற காற்றில் அந்த வேறுபாடு இராது என்பதால், அடியில் நுழைந்து உச்சியில் வெளியேறும் காற்று ஓயாமல் வீசும். உங்கள் கதாபாத்திரம் முதலில் கவனிக்க வேண்டியது, தன் காலடியில் கிடக்கும் சருகுகள் உள்ளே இழுபடுவதை.

கேள்வி (இயற்பியல் மாணவி): ஆற்றல் அழிவின்மை விதியைக் காப்பாற்றவே முடியாதா?

பதில்: முடியும். விதிகள் காலத்தால் மாறாதவரை ஆற்றல் காக்கப்படும் என்றும், இடத்துக்கு இடம் மாறாதவரை உந்தம் (நிறையையும் திசைவேகத்தையும் பெருக்கி வருவது) காக்கப்படும் என்றும் கணிதவியலாளர் எம்மி நோதர் 1918-இல் வெளியிட்ட தேற்றத்திலிருந்து தெரிகிறது. எனக்கு இயற்பியலில் மிகவும் பிடித்த முடிவு இதுவே. ஆகவே உச்சியில் வெளியேற முயலும் கல்லை எல்லையே தடுத்து, அந்த 98 ஜூலையும் வாங்கிக்கொண்டுதான் விட வேண்டும். அப்போது காற்றும் அடங்கிவிடும். ஓயாத காற்றா, ஆற்றலை வாங்கிக்கொள்ளும் எல்லையா என்று இரண்டில் ஒன்றைக் கதாசிரியர் தேர்ந்தெடுக்க வேண்டும்.

கேள்வி: உண்மையில் எப்போதாவது விதி முறிந்திருக்கிறதா?

பதில்: முறிந்ததாகத் தோன்றியதுண்டு. ஒளியை எதுவும் முந்த முடியாது என்பது ஒரு விதி. 2011-இல் ஜெனீவா அருகிலுள்ள செர்ன் துகள் இயற்பியல் ஆய்வகத்திலிருந்து சுமார் 730 கிலோமீட்டர் தொலைவிலுள்ள இத்தாலியின் கிரான் சாஸோவுக்கு வந்த நியூட்ரினோக்கள் என்ற நுண்துகள்கள், ஒளியைவிட ஏறத்தாழ 60 நானோநொடி முந்தி வந்ததாக அளவீடு காட்டியது. சரியாகச் செருகப்படாத ஒரு ஒளியிழை வடமே அதற்கு முக்கியக் காரணம் என்று பின்னர் தெரிந்தது. புதன் கோளின் கதை வேறு. அதன் சுற்றுப்பாதையில் நூற்றாண்டுக்கு 43 ஆர்க்நொடி (ஒரு ஆர்க்நொடி என்பது ஒரு பாகையில் 3600-இல் ஒரு பங்கு) கணக்கில் இடித்தது. அதற்குக் காரணமாக ஒரு புதிய கோளையே தேடிப் பார்த்தார்கள். 1915-இல் ஐன்ஸ்டைனின் பொதுச் சார்பியல் வந்து அந்த இடிப்பை விளக்கிய பிறகே, நியூட்டனின் ஈர்ப்பு விதிக்கு ஓர் எல்லை உண்டு என்பது உறுதியாயிற்று. முதலில் கருவியைச் சந்தேகியுங்கள். கருவி தப்பித்துவிட்டால், அதன்பின் விதியை.

கேள்வி: பழங்காலத்தில் விதிகள் வேறாக இருந்திருக்கலாம் அல்லவா?

பதில்: அப்படி இல்லை என்பதற்குப் பூமியிலேயே சாட்சி இருக்கிறது. காபோன் நாட்டின் ஓக்லோ சுரங்கத்தில், சுமார் 200 கோடி ஆண்டுகளுக்கு முன் யுரேனியம் தானாகவே அணு உலைபோல் இயங்கியதை 1972-இல் கண்டுபிடித்தார்கள். அங்கு எஞ்சிய சமேரியம் என்ற தனிமத்தின் அளவு, அணுக்கரு விசைகளில் மிகச் சிறிய மாற்றம் இருந்திருந்தாலும் பெரிதாக மாறியிருக்கும். அப்படி மாறவில்லை.

கேள்வி (சிறுகதை எழுதுபவர்): அந்த இடத்துக்குள் கடிகாரம் ஓடுமா, ஐயா?

பதில்: கைக்கடிகாரம் ஓடும். ஊசல் கடிகாரத்தை எடுத்துப்போனால், ஊசலைத் திரும்ப இழுக்க விசை இராது. ஒரு பக்கம் போனது மறுபக்கம் ஆடி வராது.