யார் கையைப் பிடித்து உள்ளே வருவது?

அன்புள்ள அக்கா,

அடுத்த மாதம் எங்கள் ஊர்க் கோவிலில் எனக்குக் கல்யாணம். நாசரேத் பக்கம் ஒரு கிராமம், சி.எஸ்.ஐ. (தென்னிந்தியத் திருச்சபை) சேகரம். கல்யாண அறிவிப்பின் முதல் ஓலை கோவிலில் வாசித்தாகிவிட்டது. எனக்கு எட்டு வயதில் அப்பா எங்களை விட்டுப் போனார். வேறு ஊரில் வேறு குடும்பத்தோடு இருக்கிறார். இப்போது பெரியப்பா மூலம் சொல்லி அனுப்பியிருக்கிறார்: மகளைக் கைப்பிடித்துக் கோவிலுக்குள் அழைத்து வருவது நானாக இருந்தால்தான் கல்யாணத்துக்கு வருவேன் என்று. அப்பன் உயிரோடு இருக்கும்போது வேறு யாராவது அழைத்து வந்தால் ஊர் சிரிக்கும் என்கிறார் பெரியப்பா. என்னைப் படிக்க வைத்த தாய்மாமாவுக்கு இதில் வருத்தம். மன்னிக்கிறதுதான் கிறிஸ்தவப் பிள்ளைக்கு அழகு என்கிறார் எங்கள் ஐயர், சேகரத்துக் குருவானவர். மாப்பிள்ளை வீட்டாருக்குப் பிரச்சினை இல்லாமல் முடிந்தால் போதும். அம்மாவிடம் கேட்டதற்கு, "உன் இஷ்டம்மா" என்றுவிட்டார். அப்பாவா, மாமாவா, இல்லை தனியாகவே நடந்து வந்துவிடட்டுமா? அழைப்பிதழில் அப்பா பெயர் போடலாமா?

(பெயர் வேண்டாம்)

அன்புள்ள தங்கைக்கு,

அழைப்பிதழில் பெயர் போடு. அவர் உன் அப்பா என்பதை யாரும் மாற்ற முடியாது. கோவில் பதிவேட்டிலும் அப்பா பெயருக்கு ஒரு கட்டம் உண்டு. 1872ஆம் வருஷத்து இந்தியக் கிறிஸ்தவத் திருமணச் சட்டம் தந்த படிவம் அது. அவர் வந்தாலும் வராவிட்டாலும் அந்தக் கட்டம் நிரம்பும். ஊர் சிரிக்கும் என்பதற்கு நான் பதில் சொல்லப்போவதில்லை. உன் பள்ளிக்கூட ஃபீஸைக் கட்டாத ஊர் அது.

உன் கடிதம் நீளமானது, இங்கே சுருக்கித்தான் போட்டிருக்கிறேன். அப்பாவின் கோபதாபத்துக்கு ஒரு பக்கம், பெரியப்பாவின் பேச்சுக்கு அரைப் பக்கம், மாமாவின் மனவருத்தம், மாப்பிள்ளை வீட்டாரின் முகச்சுளிப்பு எல்லாம் இருக்கிறது. அம்மாவுக்கு ஒரே ஒரு வரி. அதைப் படித்ததும் எனக்கு வந்த கோபத்தை மறைக்க விரும்பவில்லை. இருபது வருஷம் உன்னைக் கைப்பிடித்து நடத்தியவரை, கைப்பிடித்து அழைத்துவருவது யார் என்ற பட்டியலிலேயே நீ சேர்க்கவில்லை. அது உனக்குத் தோன்றக்கூட இல்லை.

என் பெரியம்மா இந்த வருஷம் தவறினார். அடக்கத்துக்குப் போய்வந்ததிலிருந்து நான் இதையேதான் நினைத்துக்கொண்டிருக்கிறேன். அவர் மிஷன் பள்ளிக்கூடத்தில் டீச்சர். பெரியப்பா விட்டுப்போன பிறகு ஒரே மகளைத் தனியாக வளர்த்தார். அந்த அக்காவின் கல்யாணத்தில் நான்தான் பூக்கூடைப் பிள்ளை. பெரியவர்கள் கூடிப் பேசி, சபை மரியாதைக்காகப் பெரியப்பாவை வரவழைத்திருந்தார்கள். புதுக் கோட்டு சூட்டில் வந்து கோவில் வாசலில் நின்றார். உள்ளே ஆர்மோனியம் ஆரம்பித்துவிட்டது. அவர் அக்காவிடம் குனிந்து, "நான் இடது பக்கம் நிக்கணுமா, வலது பக்கமா?" என்று கேட்டார். பல வருஷம் கழித்து மகளிடம் அவர் பேசிய முதல் பேச்சு அது. அக்கா பதில் சொல்லவில்லை. கையை மட்டும் நீட்டினாள்.

நான் முன்னால் பூப் போட்டுக்கொண்டே நடந்ததால் கோவில் முழுவதும் எனக்குத் தெரிந்தது. முதல் வரிசையில் பெரியம்மா இல்லை. பக்கவாட்டு வாசலில், சமையல்காரரோடு பேசிக்கொண்டிருந்தவர், பாட்டுச் சத்தம் கேட்டு ஓடிவந்து அப்படியே நின்றார். பெரியப்பா இருக்கும் இடத்தில் அவரும் போய் உட்கார்ந்தால் சங்கடம் என்று யாரோ சொல்லியிருந்தார்கள். அதையும் அவர் கேட்டுக்கொண்டார். அந்தக் கல்யாணச் சாப்பாட்டுக்கு வாங்கிய பி.எஃப். லோனை ரிட்டயர் ஆகிறவரை கட்டினார். என்றைக்காவது குறை சொன்னாரா என்றால் இல்லை. குறை சொல்லாததை வைத்து அவருக்குக் குறையே இல்லை என்று நாங்கள் எல்லோரும் முடிவுகட்டிவிட்டோம். உன் அம்மாவின் "உன் இஷ்டம்மா"வை நீ எடுத்துக்கொண்டதும் இப்படித்தான்.

மன்னிப்பு விஷயத்துக்கு வருகிறேன். உங்கள் ஐயர் மேல் எனக்கு மரியாதை உண்டு. ஏழெழுபதுதரமட்டும் மன்னிக்கச் சொல்லியிருப்பது உண்மை, மன்னித்துவிடு. ஆனால் மன்னித்தவருக்கு மாலையும் போட வேண்டும் என்று எந்த வசனத்தில் இருக்கிறது? இயேசு சொன்ன கெட்ட குமாரன் கதையை எடுத்துக்கொள், தகப்பன் சொத்தை அழித்துவிட்டு வீடு திரும்பினவன். அவன் திரும்பி வரும்போது என்ன சொல்லிக்கொண்டு வந்தான்? உம்முடைய கூலிக்காரரில் ஒருவனாக என்னை வைத்துக்கொள்ளும் என்றுதான். மோதிரமும் உயர்ந்த வஸ்திரமும் தந்தால்தான் வீட்டுக்குள் வருவேன் என்று அவன் ஆள் விடவில்லை. உன் அப்பா நிபந்தனையோடு வருகிறார். ஐயரிடம் இதைப் பணிவாகக் கேட்டுப் பார். மன்னிக்கிற கடமையைக் கல்யாணப் பெண்ணிடம் மட்டும் நினைவூட்டுகிறார்கள், விட்டுப்போனவரிடம் மன்னிப்புக் கேட்கச் சொல்ல ஒருவரையும் காணோம்.

இன்னொன்று. உனக்கு அவர் செய்ததை நீ மன்னிக்கலாம். உன் அம்மாவுக்கு உரிய இடத்தை எடுத்து அவருக்குக் கொடுப்பது மன்னிப்பில் சேராது. அது உன்னுடையதே இல்லை, நீ எப்படிக் கொடுப்பாய்?

பெண்ணை அம்மா அழைத்து வரும் வழக்கம் எங்கே இருக்கிறது என்று உன் பெரியப்பா கேட்பார். சொல்லு. நம் பக்கத்துக்கு மிஷனரிகள் கொண்டுவந்தது ஆங்கிலிக்கன் ஜெப புத்தகம், 1662ஆம் வருஷத்தது. பெண்ணை அவளுடைய தகப்பனிடமிருந்தோ சிநேகிதரிடமிருந்தோ குருவானவர் பெற்றுக்கொள்ள வேண்டும் என்றுதான் அதில் இருக்கிறது. தகப்பன் மட்டும் என்று அன்றைக்கே எழுதி வைக்கவில்லை. விக்டோரியா ராணிக்கு அப்பா குழந்தையிலேயே போய்விட்டார். 1840இல் அவரைக் கைப்பிடித்துக் கொடுத்தது சித்தப்பா சஸ்ஸெக்ஸ் டியூக். அதே ராணி கணவரை இழந்த பிறகு, 1871இல் விண்ட்ஸரில் செயின்ட் ஜார்ஜ் சேப்பலில் மகள் லூயிஸைத் தன் கையாலேயே கொடுத்தார். எந்த வெள்ளைக்காரர்களின் முறை என்று பெரியப்பா பிடித்துக்கொண்டிருக்கிறாரோ, அவர்களுடைய ராணி, ஒரு விதவைத் தாய், செய்த காரியம் இது. 2018இல் அதே சேப்பலில் இளவரசர் ஹாரியை மணந்த மேகன் மார்க்கல் பாதித் தூரம் தனியாக நடந்தார், மீதித் தூரத்துக்கு மாமனார் சார்லஸ் துணைக்கு வந்தார். அவருடைய அப்பா உயிரோடுதான் இருந்தார், கல்யாணத்துக்கு வரவில்லை. சுவீடனிலோ நிலைமையே தலைகீழ். பெண்ணும் மாப்பிள்ளையும் சேர்ந்து நடந்து வருவதுதான் அங்கே வழக்கம். 2010இல் பட்டத்து இளவரசியை ராஜா அழைத்து வரப்போகிறார் என்றதும் சபையின் பேராயரே அது வேண்டாம் என்றார். கடைசியில் ராஜா பாதி வழி கொண்டுவந்து மாப்பிள்ளையிடம் விட்டார்.

இதெல்லாம் அரண்மனைக் கதை என்றால் வேதத்துக்கே போவோம். நம் கல்யாணங்களில் ஈசாக்கையும் ரெபெக்காளையும் போல வாழுங்கள் என்று வாழ்த்தாதவர் உண்டா? அந்த ரெபெக்காள் எப்படிப் புறப்பட்டாள் என்று ஆதியாகமம் 24ஐ எடுத்துப் படி. ஈசாக்குக்குப் பெண் கேட்டு வந்த ஊழியக்காரனோடு நடக்கும் பேச்சில் அவளுடைய தகப்பன் பெத்துவேல் ஒரே ஒரு இடத்தில் வாய் திறக்கிறான், அதுவும் மகன் லாபானோடு சேர்ந்து. பரிசுப்பொருள்கள் போவது அண்ணனுக்கும் தாய்க்கும். பெண் இன்னும் சில நாள் எங்களோடு இருக்கட்டும் என்று கேட்பதும் அண்ணனும் தாயும். "நீ இந்த மனிதனோடேகூடப் போகிறாயா?" என்று அவளிடமே கேட்கிறார்கள். "போகிறேன்" என்கிறாள். அவளை வழியனுப்பியது யார் என்று உங்கள் ஐயரிடமும் பெரியப்பாவிடமும் கேள்.

தாய் என்றால் ஏன் இவ்வளவு தயக்கம் என்று யோசித்துப் பார்க்கிறேன். நான் சொன்ன அதே 1872 சட்டத்தில், இருபத்தொரு வயது நிரம்பாத பிள்ளையின் கல்யாணத்துக்குச் சம்மதம் தரும் வரிசை இருக்கிறது. முதலில் தகப்பன். தகப்பன் இல்லாவிட்டால் கார்டியன். கார்டியனும் இல்லாவிட்டால்தான் தாய். வெளியாளுக்கும் பின்னால் பெற்றவள். உனக்கு இருபத்தெட்டு வயது, யார் சம்மதமும் சட்டப்படி தேவையில்லை. இருந்தாலும் உன் வீட்டில் அந்த வரிசை அப்படியே ஓடிக்கொண்டிருக்கிறது. அப்பா, பெரியப்பா, மாமா, ஐயர், கடைசியில் அம்மா. வரிசையைப் போட்டவர் பெரியப்பா இல்லை, கடிதம் எழுதிய நீ.

மாமாவைச் சாட்சிக் கையெழுத்துப் போடச் சொல். பதிவேட்டில் இரண்டு சாட்சிகள் வேண்டும், அதில் முதல் கையெழுத்து அவருடையதாக இருக்கட்டும். உன் படிப்புக்குச் செலவழித்தவர் அவர், சந்தோஷமாகவே போடுவார். தனியாக நடந்து வருவதிலும் தப்பே இல்லை. யாருமே இல்லாத பெண்ணுக்கு அது கம்பீரம். உனக்கு ஆள் இருக்கிறது.

அப்பாவுக்கு நீயே ஒரு கடிதம் எழுது. பெரியப்பா மூலம் வேண்டாம், நடுவில் ஆள் வைத்துத்தான் இவ்வளவு தூரம் வந்திருக்கிறது. கல்யாணத்துக்கு வாருங்கள், உட்கார இடம் இருக்கும், சாப்பிட்டுவிட்டுப் போங்கள், என்னை அம்மா அழைத்து வருவார்கள். இவ்வளவு போதும். குற்றப்பட்டியல் எதையும் சேர்க்காதே. வருவதும் வராததும் இனி அவர் பாடு.

அப்புறம், இரண்டாம் ஓலை வாசிப்பதற்குள் லீவு போட்டு ஊருக்குப் போ. அம்மாவிடம் போனில் கேட்காதே. போனில் கேட்டால் மறுபடியும் "உன் இஷ்டம்மா"தான் வரும். எதிரே உட்கார்ந்து, யார் வரட்டும் என்று கேட்காமல், "நீங்க வரணும்மா" என்று சொல். முதலில் முடியவே முடியாது என்பார்கள், சேலை சரியில்லை, முழங்கால் வலி, ஊர் என்ன சொல்லும் என்பார்கள். அங்கேயே உட்கார்ந்திரு. இன்னொரு தடவை சொல்.