தீர்ப்பு கிடைத்தும் பணி ஆணை வரவில்லை: நீதிமன்ற அவமதிப்பு மனு பற்றிய கேள்வி பதில்

கேள்வி: ஐயா, தினக்கூலியாக இருந்த என்னை 12 வாரங்களுக்குள் பணிவரன்முறை (நிரந்தரப் பணியாளராக முறைப்படுத்துதல்) செய்யுமாறு உயர் நீதிமன்றம் ஆணையிட்டு 14 மாதங்கள் ஆகிவிட்டன. இனியும் அவமதிப்பு மனு தாக்கல் செய்ய முடியுமா?

முடியும், ஆனால் உடனே செய்யுங்கள். 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20ஆம் பிரிவு, அவமதிப்பு நிகழ்ந்ததாகக் கூறப்படும் நாளிலிருந்து ஓராண்டை வரம்பாக வைத்திருக்கிறது. உங்களுக்கு அந்த ஓராண்டு 12 வாரக் கெடு முடிந்த பிறகே தொடங்குகிறது என்பதால், ஏறத்தாழ மூன்று வாரங்கள்தான் மிச்சமிருக்கின்றன. துறைக்கு நினைவூட்டல் கடிதம் அனுப்பிக்கொண்டே இருந்தால் காலம் நீளும் என்று நம்பி ஏமாந்தவர்கள் பலர். ஓராண்டுக்குள் மனுவைத் தாக்கல் செய்துவிட்டால் போதும் என்பதை உச்ச நீதிமன்றம் பல்லவ் ஷேத் வழக்கில் 2001இல் தெளிவாக்கியது.

கேள்வி: மேல்முறையீடு செய்திருப்பதாகத் துறை சொல்கிறது. காத்திருக்க வேண்டுமா?

மேல்முறையீடு வேறு, தடையாணை வேறு. தடையாணை இல்லாதவரை தீர்ப்பு நடைமுறையில்தான் இருக்கிறது. எனினும், தடை கோரும் மனு நிலுவையில் இருந்தால் அதனை முதலில் விசாரிப்பதே முறை என்று 1995இல் உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது.

கேள்வி: எனது கோரிக்கையை "பரிசீலித்து ஆணை பிறப்பிக்க" நீதிமன்றம் சொன்னது. துறையோ பரிசீலித்து நிராகரித்துவிட்டது. இது அவமதிப்பு ஆகாதா?

பெரும்பாலும் ஆகாது. எனக்கு மிகுந்த வருத்தம் தரும் இடம் இதுதான். பரிசீலிக்கச் சொன்னால், பரிசீலித்த உடனே ஆணை நிறைவேறிவிடுகிறது. முடிவு தவறாக இருப்பினும் அது புதிய வழக்குக்கான காரணமே தவிர அவமதிப்பு அன்று என்பது 1996ஆம் ஆண்டின் ஜே.எஸ். பரிஹார் தீர்ப்பு. ஆகவே நீங்கள் அந்த நிராகரிப்பு ஆணையை எதிர்த்துப் புதிதாக ரிட் மனு (அரசின் ஆணையை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் தொடுக்கும் மனு) தாக்கல் செய்ய வேண்டும். நீதிமன்றம் ஏற்கெனவே தீர்மானித்த ஒன்றையே மீண்டும் காரணமாகக் காட்டி நிராகரித்திருந்தால் மட்டும் நிலைமை வேறு. அப்போது அவமதிப்பை வலியுறுத்த இடமுண்டு. இன்னும் வழக்கு முடியாதவர்களுக்கு என் வேண்டுகோள்: தகுதி ஐயமின்றி இருக்கும்போது, "பரிசீலிக்கலாம்" என்ற ஆணைக்கு எளிதில் இசைந்துவிடாதீர்கள். எந்த நாளிலிருந்து, என்ன பணப்பலன்களுடன், எத்தனை வாரங்களுக்குள் என்பது ஆணையிலேயே இடம்பெறுமாறு வாதிடச் சொல்லுங்கள்.

கேள்வி: அதிகாரி சிறைக்குப் போவாரா?

அரிது. உச்சபட்சத் தண்டனை ஆறு மாத வெறுங்காவல் (கடின உழைப்பு இல்லாத சிறை), அல்லது 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். வேண்டுமென்றே மீறினார் என்பது நிறுவப்பட வேண்டும். வழக்கமாக, விசாரணை நாளுக்கு முன்பே ஆணை பிறப்பிக்கப்பட்டு மனு முடித்துவைக்கப்படுகிறது. அதிகாரிகளை நேரில் அழைப்பதிலும் நிதானம் வேண்டும் என்று 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் வழிமுறை வகுத்தது.

கேள்வி: செயலாளர் மாறிவிட்டார். யார்மீது மனு?

தீர்ப்பின் நகலைப் புதியவருக்கும் அனுப்பி ஒப்புகையைப் பத்திரப்படுத்துங்கள். தீர்ப்பை அறிந்திருந்தார் என்பதற்கு அதுவே சான்று. அது இல்லாவிட்டால் "என் கவனத்திற்கு வரவில்லை" என்ற ஒரே பதிலில் உங்கள் மனு வலுவிழக்கும்.