ரிப்போர்ட்டில் டார்கெட் செல் என்று இருக்கிறதே, பயப்பட வேண்டுமா?

கேள்வி: என் மகளுக்கு 23 வயது. ஹீமோகுளோபின் 10.2 என்று சொல்லி ஆறு மாதமாக இரும்புச்சத்து மாத்திரை சாப்பிடுகிறாள், இன்னும் 10.4-ஐத் தாண்டவில்லை. இப்போது ஸ்மியர் (ரத்தத்தைக் கண்ணாடியில் தடவி மைக்ராஸ்கோப்பில் பார்ப்பது) பார்த்ததில் சிவப்பணுக்கள் சிறியவை, வெளிறியவை, டார்கெட் செல்களும் உண்டு என்று எழுதியிருக்கிறார்கள். எம்சிவி (சிவப்பணுவின் சராசரி அளவு) 64, சிவப்பணு எண்ணிக்கை 58 லட்சம். ரத்தப் புற்றுநோயாக இருக்குமோ? என் அண்ணன் மகனுக்குத்தான் அவளைப் பேசி வைத்திருக்கிறோம்.

பதில்: முதலில் அந்தப் பயத்தை விடுங்கள், நீங்கள் எழுதியிருப்பதில் புற்றுநோயைக் காட்டும் எதுவும் இல்லை.

சாதாரண சிவப்பணு இரண்டு பக்கமும் குழிந்திருப்பதால் மைக்ராஸ்கோப்பில் நடுவில் வெளுப்பாகத் தெரியும். உள்ளே ஹீமோகுளோபின் குறைந்து, மேலுறை மட்டும் தாராளமாக இருந்தால் அந்த வெளுப்புக்கு நடுவே ஒரு சிவப்புப் பொட்டு வைத்ததுபோல் ஆகிவிடும். அதுதான் டார்கெட் செல். ஈரல் நோயிலும், மண்ணீரலை எடுத்துவிட்டவர்களுக்கும், சில சமயம் வெறும் இரும்புச்சத்துக் குறைவிலும்கூட இது வரும், அதனால் இதை மட்டும் வைத்து நோயைச் சொல்லிவிட முடியாது.

என் கண்ணில் பட்டது அந்த 58 லட்சம். இரும்பு போதாதபோது அணுக்கள் சிறுப்பதோடு எண்ணிக்கையும் பெரும்பாலும் குறையும், உங்கள் மகளுக்கோ எக்கச்சக்கமாக இருக்கிறது. எம்சிவியை எண்ணிக்கையால், அதாவது 64-ஐ 5.8-ஆல் (58 லட்சம் என்பது 5.8 மில்லியன்), வகுத்தால் 11 வருகிறது. 13-க்குக் கீழே வந்தால் தலசீமியா மைனரை, அதாவது ஹீமோகுளோபின் சரியாக உருவாகாத பரம்பரைக் குறையின் லேசான வகையைச் சந்தேகிப்போம். இது ஒரு கைக்கணக்குதான், உறுதி செய்ய உடம்பின் இரும்புச் சேமிப்பைக் காட்டும் ஃபெரிட்டினும், ஹீமோகுளோபின் வகைகளைப் பிரித்துக் காட்டும் எச்பிஎல்சி பரிசோதனையும் வேண்டும். அதில் ஹீமோகுளோபின் ஏ2 என்ற வகை 3.5 சதவீதத்துக்கு மேல் இருந்தால் அநேகமாக அதுதான். ஃபெரிட்டின் குறைவாக இருந்தால் ஏ2-வும் குறைத்துக் காட்டக்கூடும், அப்போது இரும்பைச் சரிசெய்துவிட்டு மறுபடி பார்க்க வேண்டும். ஃபெரிட்டின் நன்றாக இருந்தால் உங்கள் டாக்டரிடம் காட்டி மாத்திரையை நிறுத்திவிடுங்கள், ஏனென்றால் தேவைக்கு மேல் சேரும் இரும்பை வெளியே தள்ள உடம்புக்குத் தனி வழி கிடையாது. பேரீச்சம்பழம், முருங்கைக்கீரை எல்லாம் தாராளமாகச் சாப்பிடட்டும், ஆனால் தலசீமியா மைனர் அதனால் மாறாது.

மைனர் என்பது குறையுள்ள மரபணுவைச் சுமப்பது மட்டுமே. ரத்தம் ஏற்ற வேண்டியதில்லை, வேலை, படிப்பு, பிள்ளைப்பேறு எதற்கும் தடையில்லை. கர்ப்பத்தில் ஹீமோகுளோபின் இன்னும் கொஞ்சம் இறங்கலாம், அதனால் மகப்பேறு டாக்டரிடம் முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும்.

கல்யாண விஷயத்துக்கு வருகிறேன், எனக்கு உண்மையில் கவலை இங்கேதான். இது உங்கள் வழியாக மகளுக்கு வந்திருந்தால் உங்கள் அண்ணனுக்கும் இருக்க இரண்டில் ஒரு பங்கு வாய்ப்பு, அவர் மகனுக்கு நான்கில் ஒரு பங்கு. கணவன், மனைவி இருவருமே சுமப்பவர்களாக இருந்தால் ஒவ்வொரு கர்ப்பத்திலும் 25 சதவீதம் தலசீமியா மேஜர் குழந்தை பிறக்கலாம், அந்தக் குழந்தைக்குச் சில வாரங்களுக்கு ஒருமுறை ரத்தம் ஏற்றிக்கொண்டே இருக்க வேண்டியிருக்கும். அதனால் நீங்களும் உங்கள் கணவரும் பரிசோதித்துக்கொள்ளுங்கள், யார் பக்கம் வந்திருந்தாலும் பையனுக்கும் ரத்த எண்ணிக்கையும் எச்பிஎல்சியும் தேதி குறிப்பதற்கு முன்பே பாருங்கள். அண்ணன் வீட்டில் கேட்கக் கூச்சமாக இருக்கும், தெரியும், ஆனாலும் கேளுங்கள். அவருடையது இரண்டும் இயல்பாக இருந்தால் தைரியமாகக் கல்யாண வேலையைப் பார்க்கலாம். அவருக்கும் இருந்தால், எதையும் முடிவு செய்வதற்கு முன் இருவரையும் மரபணு ஆலோசனைக்கு அழைத்துப் போங்கள், கருவிலேயே கண்டுபிடிக்கும் பரிசோதனைகள் இருக்கின்றன.