போலீஸ் விசாரணை நடந்துட்டு இருக்கும்போதே கோர்ட் எப்போ தலையிடணும்?

சார்ஜ்ஷீட் (விசாரணை முடிச்சு போலீஸ் கோர்ட்ல தர்ற குற்றப்பத்திரிகை) வர்ற வரைக்கும் கோர்ட் பொறுமையா இருக்க வேண்டியதுதானே, நடுவுல பூந்தா போலீஸ் எப்படி வேலை பாக்கும்னு கேட்டிருக்கீங்க. பெரும்பாலான கேஸுக்கு நீங்க சொல்றது சரிதான். ஆனா விசாரிக்கிறவங்களே உண்மைய மறைக்க நெனச்சா என்ன பண்றது? எங்க கடலூர் மாவட்டத்துக்காரங்களுக்கு இது ஏட்டுக் கேள்வி இல்ல.

விருத்தாசலம் பக்கத்துல புதுக்கூரைப்பேட்டை. 2003ல சாதி மாறி கல்யாணம் பண்ணிக்கிட்ட ரெண்டு பேருக்கு விஷத்த ஊத்தி கொன்னு எரிச்சாங்க. போலீஸ் உடனே கேஸ் போடல, கடைசியில போட்டப்ப செத்துப்போன பையனோட சொந்தக்காரங்களையும் குற்றவாளியா சேர்த்துட்டாங்க, அதாவது புள்ளைய பறிகொடுத்த தலித் குடும்பத்து மேலயே கொலைப்பழி. 2004ல மெட்ராஸ் ஹைகோர்ட் கேஸ சிபிஐக்கு மாத்துச்சு. 2021ல கடலூர் கோர்ட் 13 பேர குற்றவாளின்னு சொன்னப்ப அதுல ரெண்டு பேர் அப்போ அங்க வேலை பாத்த போலீஸ் அதிகாரிங்க. "போலீஸ் முடிக்கட்டும், அப்புறம் பாக்கலாம்"னு ஹைகோர்ட் உக்காந்திருந்தா அந்த ரெண்டு பேர் கையிலயே கேஸ் முடிஞ்சிருக்கும், எனக்கு இப்பவும் அத நெனச்சா ஆத்திரமா வருது.

அதனால நான் பாக்குற அளவுகோல் ஒண்ணுதான்: இப்ப தலையிடலன்னா சாட்சியம் அழிஞ்சிடுமா? 2020ல சாத்தான்குளத்துல போலீஸ் பிடிச்சிட்டுப் போன அப்பாவும் மகனும் செத்தப்ப ஹைகோர்ட்டோட மதுரை கிளை தானாவே கேஸ எடுத்து, விசாரிக்க மாஜிஸ்திரேட்ட அனுப்புச்சு, அவர் போய் பாத்தா ஸ்டேஷன் சிசிடிவி பதிவு தினமும் தானா அழியுற மாதிரி செட் பண்ணி வெச்சிருக்காங்க. உடனே ஸ்டேஷனையே வருவாய்த்துறை கட்டுப்பாட்டுக்கு கொண்டு வர சொன்னாங்க. சார்ஜ்ஷீட்டுக்கு காத்திருந்தா அங்க மிஞ்சுறதுக்கு என்ன இருந்திருக்கும்?

இதுக்கு எதிர்ப்பக்கமும் இருக்கு. எஃப்ஐஆர் போட்ட மறுவாரமே காசு இருக்கிறவங்க சீனியர் வக்கீல வெச்சு, எஃப்ஐஆரையே ரத்து பண்ணச் சொல்லி ஹைகோர்ட்ல குவாஷ் பெட்டிஷன் போட்டு விசாரணைக்கு தடை வாங்குறது, அது எனக்கு சுத்தமா பிடிக்காது. எஃப்ஐஆர்ல சொன்னது அத்தனையும் உண்மைன்னே வெச்சுக்கிட்டாலும் குற்றமே ஆகாதுன்னா ரத்து பண்ணலாம், பழிவாங்க போட்டதுன்னு பளிச்னு தெரிஞ்சாலும் பண்ணலாம், இதெல்லாம் சுப்ரீம் கோர்ட்டோட பஜன்லால் கேஸ் தீர்ப்புல இருந்தே இருக்கு. மத்தபடி காரணம் எதுவும் எழுதாம "கடும் நடவடிக்கை எடுக்கக்கூடாது"ன்னு ஒத்த வரியில ஆர்டர் போடாதீங்கன்னு 2021ல சுப்ரீம் கோர்ட்டே ஹைகோர்ட்டுகளுக்கு சொல்லிருச்சு. அதே மாதிரி இன்னார் மேல சார்ஜ்ஷீட் போடுன்னு மாஜிஸ்திரேட் போலீஸ கட்டாயப்படுத்த முடியாது, இது 1967ல வந்த சுப்ரீம் கோர்ட் தீர்ப்பு. யாரு குற்றவாளின்னு கண்டுபிடிக்கிறது போலீஸ் வேலை, ஒழுங்கா தேடுறாங்களான்னு பாக்குறதுதான் கோர்ட் வேலை.

இன்னொண்ணு, எல்லாத்துக்கும் சென்னைக்கு ஓட வேணாம் (பாண்டிச்சேரிக்காரங்களுக்கும் அதே ஹைகோர்ட்தான்). ஸ்டேஷன்ல புகார வாங்கலன்னா எஸ்பிக்கு எழுத்துல அனுப்புங்க, அங்கயும் நடக்கலன்னா அபிடவிட்டோட (பிரமாணப் பத்திரம்) மாஜிஸ்திரேட் கோர்ட்ல பிஎன்எஸ்எஸ்ங்கிற புது குற்றவியல் நடைமுறைச் சட்டத்தோட 175(3) பிரிவுல மனு போடுங்க, பழைய சட்டத்துல 156(3)ன்னு சொல்வாங்களே அதுதான். எஃப்ஐஆர் போட்டும் விசாரணை சரியில்லன்னா அதையும் மாஜிஸ்திரேட்டே கவனிக்கலாம்னு 2007ல சகிரி வாசு கேஸ்ல சுப்ரீம் கோர்ட் சொல்லிட்டாங்க, ஆனா நெறைய பேருக்கு இது தெரியாம நேரா ஹைகோர்ட் போயி செலவு பண்ணிட்டு "முதல்ல மாஜிஸ்திரேட்ட போய் பாருங்க"ன்னு திருப்பி அனுப்பினப்புறம் வர்றாங்க.

ஸ்டேஷன்குள்ள அடிச்சதா புகார் இருந்தா மட்டும் ஒரு நாள் கூட தள்ளாதீங்க, அன்னிக்கே சிசிடிவி பதிவ பத்திரப்படுத்த சொல்லி எழுத்துல கேளுங்க. 18 மாசம் வெச்சிருக்கணும், வசதி இல்லன்னாலும் ஒரு வருஷத்துக்கு குறையக்கூடாதுன்னு 2020 டிசம்பர்ல சுப்ரீம் கோர்ட் சொன்னத மனுவுலயே எழுதிடுங்க, அப்புறம் "கேமரா ரிப்பேர்"னு சொன்னா அதுக்கு அவங்கதான் கோர்ட்ல பதில் சொல்லணும்.