வாசகர் கேள்வி-பதில்: பள்ளிக்கூடப் பணத்துக்காக எம்.எல்.ஏ. ஆன வாத்தியார்

கேள்வி: உள்நாட்டுப் போர் முடிந்து அடிமை முறை ஒழிந்த பிறகுதான் அமெரிக்கச் சட்டசபைகளில் கறுப்பர்கள் நுழைந்தார்கள் என்கிறார்கள். அதற்கு முன் ஒருவர்கூடவா இல்லை?
– ஒரு வாசகி, விருதுநகர்

பதில்: ஒரே ஒருவர் இருந்தார், அலெக்சாண்டர் ட்வைலைட். 1836-ல் வெர்மான்ட் மாநிலச் சட்டசபைக்குத் தேர்வானார், போர் தொடங்க அப்போது இன்னும் 25 வருடம் இருந்தது. அவருக்கு அடுத்து மாசசூசெட்ஸில் எட்வர்ட் வாக்கர், சார்லஸ் மிட்சல் இருவரும் வந்தது 1866-ல்தான்.

பிறந்தது 1795. அப்பா அமெரிக்க விடுதலைப் போரில் சண்டை போட்டவர். ஆனாலும் வீட்டில் வறுமை, பையனைச் சின்ன வயதிலேயே பக்கத்துப் பண்ணையில் ஒப்பந்த வேலைக்கு விட்டுவிட்டார்கள். பகலில் ஏர், கிடைத்த நேரத்தில் புத்தகம். இருபது வயதில், கையில் சேர்ந்த காசைக் கொடுத்து ஒப்பந்தத்தின் கடைசி வருடத்தைக் கழித்துக்கொண்டு நேராகப் பள்ளிக்கூடம் போய்ச் சேர்ந்தார், பக்கத்தில் உட்கார்ந்த பையன்களெல்லாம் இவரைவிட எவ்வளவு சின்னவர்கள் என்று யோசித்துப் பாருங்கள்! 1823-ல் மிடில்பரி கல்லூரியில் பட்டம். அமெரிக்கக் கல்லூரியில் பட்டம் வாங்கிய முதல் கறுப்பர் என்று இன்று அவரைத்தான் சொல்கிறார்கள்.

அப்புறம் 1829-ல் பிரௌனிங்டன் என்ற சிற்றூருக்கு வந்தார். ஆர்லியன்ஸ் மாவட்டப் பள்ளிக்குத் தலைமையாசிரியர், ஊர்ச் சபைக்குப் போதகர், இரண்டும் அவரே. வெளியூர்ப் பிள்ளைகள் தங்கிப் படிக்க விடுதி வேண்டும் என்று கேட்டார், நிர்வாகிகள் பணம் தரவில்லை. சரி, நானே கட்டுகிறேன் என்று நாலு மாடிக்குக் கருங்கல்லில் எழுப்பி 1836-ல் முடித்தார்.

கேள்வி: ஊழியம், பள்ளி என்று இருந்தவர் அரசியலுக்கு ஏன் வந்தார்? அடிமை முறையை எதிர்க்கவா?
– ஒரு வாசகர், ஓசூர்

பதில்: அப்படிச் சொன்னால் கேட்க நன்றாக இருக்கும், ஆனால் காரணம் பணம். அவருடைய பணம் இல்லை, பள்ளியுடையது. வெர்மான்டில் மாவட்டப் பள்ளிகளுக்கென்று நிலம் ஒதுக்கி வைத்திருந்தார்கள், அந்தக் குத்தகை வருமானத்தில்தான் பள்ளி ஓடியது. பக்கத்து ஊரான கிராஃப்ட்ஸ்பரியிலும் ஒரு பள்ளி இருந்தது, எங்களுக்கும் பங்கு வேண்டும் என்று அவர்கள் கேட்டார்கள். இருக்கிறதே கொஞ்சம், அதையும் பிரித்தால் இரண்டு பள்ளியும் அரைப்பட்டினி என்பது ட்வைலைட்டின் வாதம். அதைச் சபையில் பேசத்தான் ஊர்க்காரர்கள் அவரை அனுப்பினார்கள். அந்தக் காலத்து வெர்மான்டில் சின்ன ஊரோ பெரிய ஊரோ, ஊருக்கு ஓர் உறுப்பினர், பதவி ஒரே வருடம். போய்ப் பேசினார், பலிக்கவில்லை, வருமானத்தைப் பங்கு போட்டுவிட்டார்கள். பழையபடி பாடம் நடத்த ஊருக்கு வந்துவிட்டார்.

என்னைக் கேட்டால், ‘முதல் கறுப்பின உறுப்பினர்’ என்ற பட்டத்தைவிட இந்தத் தோற்றுப்போன நிதிச் சண்டைதான் அந்த மனிதரைச் சரியாகக் காட்டுகிறது. பட்டம் நாம் பின்னால் ஒட்டியது. வாக்குப் போட்டவர்களுக்கு அவர் எங்கள் ஊர் வாத்தியார், அவ்வளவுதான்.

1847-ல் பள்ளியை விட்டுவிட்டு கனடாவின் கியூபெக் பக்கம் போய் அங்கே பாடம் நடத்தினார், 1852-ல் திரும்பி வந்தார். 1855-ல் பக்கவாதம், 1857 ஜூனில் இறந்தார். பிரௌனிங்டனிலேயே கல்லறை.

கேள்வி: அந்த விடுதியின் உச்சியில் ஒரு மாட்டை அடித்துத் தின்றார்களாமே?
– பெயர் வேண்டாம், காரைக்குடி

பதில்: ஊர்க்கதை அது. கல்லை மேலே ஏற்ற ஓர் எருதைப் பூட்டி, சுவர் உயர உயர மாட்டையும் சாரத்தோடு ஏற்றிக்கொண்டே போனார்களாம், கட்டி முடித்த பிறகு இறக்க வழியில்லாமல் அங்கேயே விருந்து வைத்துவிட்டார்களாம். நான் நம்பவில்லை. கட்டடம் மட்டும் நிஜம், ‘பழைய கல் வீடு’ என்ற பெயரில் இன்று அருங்காட்சியகமாக இருக்கிறது, அந்தப் பக்கம் உறவினர் யாராவது இருந்தால் ஒரு நடை போய்ப் பார்த்துவிட்டு வரச் சொல்லுங்கள்.